அரைப்பேர்: 2022க்குப் பிறகு மலையகத்தில் வாக்கும் சபையும்

தேயிலைத் தோட்டத்தில் ஒரு நாள் கூலிக்குப் ‘பேர்’ என்று பெயர். விடியற்காலை ஆளெண்ணி வேலை பிரிக்கும் பிரட்டுக்குப் போய், மலை ஏறி, கேட்ட கிலோவை நிறுத்துக் கொடுத்தால் பேர் விழும். இரண்டு கிலோ குறைந்தாலும் அரைப்பேர்தான். நாள் முழுக்க மழையில் நின்றதற்குக் கணக்குக் கிடையாது. செக்ரோலில், அதாவது தோட்டத்துச் சம்பளப் பதிவில், என்ன விழுந்ததோ அதுதான் கணக்கு. இலங்கையின் 2022 எழுச்சி ஒரு ஜனாதிபதியை நாட்டை விட்டே ஓட வைத்தது. அதன் பிறகு தேயிலைத் தோட்டங்கள் உள்ள மலையகத்துக்கு ஜனநாயகம் எவ்வளவு வந்து சேர்ந்தது என்று கேட்டால், தோட்டத்துப் பேச்சிலேயே பதில் சொல்லிவிடலாம்: அரைப்பேர். மற்ற அரைவாசி எந்த மேசையில் நிற்கிறது, அதை எடுக்க என்ன செய்ய வேண்டும் என்பதே இங்கே விஷயம். லயங்களில், தோட்டத்து வரிசை வீடுகளில், வாக்காளர் பதிவு, அடையாள அட்டை, பிரதேச சபை மனு என்று அலைகிறவர்களை நினைத்து எழுதியது இது.

அந்த எழுச்சிக்குச் சிங்களத்தில் ‘அரகலய’ என்று பெயர். ‘அரகலய கொழும்பு ஆட்களின் வேலை, நமக்கென்ன’ என்ற பேச்சு இன்றும் உண்டு. உண்மையில் நெருக்கடி கொழும்புப் போராட்டக் களமான காலிமுகத்திடலுக்குப் போகுமுன்பே தேயிலை மலைக்கு வந்துவிட்டது. 2021 மே மாதம் இரசாயன உர இறக்குமதியை நிறுத்தினார்கள். நவம்பரில் தடை நீங்கியது, ஆனால் உரம் வாங்க டொலர் இல்லை. உரம் காணாத செடி கொழுந்து விடுமா? 2021இல் ஏறக்குறைய 30 கோடி கிலோவாக இருந்த நாட்டின் தேயிலை உற்பத்தி அடுத்த ஆண்டு 25 கோடி கிலோவுக்கு இறங்கியது. மலையில் கொழுந்து இல்லை, கிலோ மட்டும் குறையவில்லை, ஆகவே அரைப்பேர். அதே மாதங்களில் கோதுமை மாவின் விலை ஏற, காலை ரொட்டி பாதியானது. 2022 ஏப்ரல் 28 வேலைநிறுத்தத்திலும் மே 6 ஹர்த்தாலிலும் தோட்டத்து மக்கள் இறங்கியது இந்த வயிற்றுக் கணக்கால். மாதச் சம்பளக்காரர் ஒரு நாள் வேலைநிறுத்தம் செய்வது வேறு, நாள் பேரை விட்டுக்கொடுத்து வீதிக்கு வருவது வேறு.

ஜூலை 9ஆம் திகதி ஜனாதிபதி மாளிகைக்குள் மக்கள் புகுந்தார்கள், 14ஆம் திகதி கோட்டாபய ராஜபக்ஷ சிங்கப்பூரிலிருந்து பதவி விலகினார். அதற்கு அடுத்த படி வீதியில் இல்லை, அரசியலமைப்பின் 40ஆவது உறுப்புரையில் இருந்தது. பதவிக்காலம் முடியுமுன் ஜனாதிபதி பதவி வெற்றிடமானால், மீதிக் காலத்துக்குப் பாராளுமன்றமே தன் உறுப்பினர்களில் ஒருவரை இரகசிய வாக்கெடுப்பில் தெரிவு செய்யும். பொதுத் தேர்தல் கிடையாது. தெரிவு செய்த பாராளுமன்றம் எது? 2020இல் ராஜபக்ஷக்களின் பொதுஜன பெரமுன 145 ஆசனங்களோடு வென்ற அதே பாராளுமன்றம். ஜூலை 20ஆம் திகதி ரணில் விக்கிரமசிங்கவுக்கு 134, டலஸ் அழகப்பெருமவுக்கு 82, அநுர குமார திசாநாயக்கவுக்கு 3. ஆளை மாற்ற மக்களுக்கு முடிந்தது. ஆளைத் தெரிவு செய்யும் கையை மாற்ற முடியவில்லை. எழுச்சி நடக்கும் நாட்டில் ‘அவர் போனால் சட்டப்படி அடுத்து யார், எத்தனை நாளைக்கு, யார் தெரிவு செய்வது’ என்ற கேள்வியை கூடாரம் அடிக்கும் நாளிலேயே கேட்டுவிட வேண்டும். காலிமுகத்திடலில் அந்தக் கேள்வி பிந்தித்தான் பலமாகக் கேட்டது. இன்னொன்று: அந்த வாக்கெடுப்பில் போடப்பட்ட 223 சீட்டுகளில் 4 செல்லாதவை. சட்டம் இயற்றுகிறவர்களே நான்கு பேர் சீட்டைக் கெடுத்திருக்கும்போது, லயத்து ஆயாவின் சீட்டு செல்லாமல் போனதற்கு யாரும் சிரிக்க வேண்டாம்.

அந்த ஆண்டு ஒக்டோபரில் 21ஆவது திருத்தம் நிறைவேறி, அரசியலமைப்புப் பேரவை திரும்பி வந்தது. தேர்தல் ஆணைக்குழு போன்றவற்றின் நியமனத்தில் ஜனாதிபதியின் தனிக்கை ஓரளவு கட்டுப்பட்டது. நிறைவேற்று ஜனாதிபதி முறை அப்படியே நிற்கிறது.

மலையகத்துக்கு மிகவும் வலித்தது உள்ளூராட்சித் தேர்தல் நின்றுபோனதுதான். 2023 மார்ச் 9 என்று திகதி குறித்தார்கள், நாடு முழுக்க 80,000க்கு மேற்பட்டவர்கள் வேட்புமனு கொடுத்தார்கள். திறைசேரி காசு விடவில்லை. வாக்குச்சீட்டு அச்சடிக்கவே பணமில்லை என்றானது. காசைத் தடுக்கக்கூடாது என்று உயர் நீதிமன்றம் இடைக்கால உத்தரவு போட்ட பிறகும் தேர்தல் நடக்கவில்லை. மார்ச் 19ஆம் திகதியோடு சபைகளின் காலம் முடிந்தது. 2024 ஓகஸ்ட் 22ஆம் திகதி, தேர்தலை நடத்தாதது அடிப்படை உரிமை மீறல் என்று நீதிமன்றம் தீர்த்தது. தேர்தல் நடந்ததோ 2025 மே 6ஆம் திகதி. இடையில் இரண்டு வருடத்துக்கு மேல் சபையில் உறுப்பினர் எவரும் இல்லை, செயலாளரும் அதிகாரிகளும்தான். லயத்துக்கு முன்னால் கான் (வடிகால்) அடைத்தால், தெருவிளக்கு எரியாவிட்டால், சுடலைப் பாதை சரிந்தால் யாரிடம் போவது? பாராளுமன்ற உறுப்பினரிடம் போனால் அவர் கடிதம் கொடுப்பார், அந்தக் கடிதம் அதே செயலாளரிடம் வரும். நேபாளத்திலும் இதைத்தான் கண்டார்கள். 2006 எழுச்சி மன்னராட்சியை வீழ்த்தியது, ஆனால் 1997க்குப் பிறகு உள்ளூராட்சித் தேர்தல் 2017இல்தான் நடந்தது. மேலே அரசியலமைப்பு எழுதிக்கொண்டிருந்த காலமெல்லாம் கீழே ஊரை நடத்தியது அதிகாரிகளும் கட்சிக்காரர்களும் பேசி வைத்த ஏற்பாடு. மேலே மாற்றம் நடக்கையில் கீழ்ச்சபை காலியாக இருந்தால், பழைய ஆட்களே பழைய வேலையைச் செய்துகொண்டிருப்பார்கள்.

இடாப்பில் பேர்

தேர்தல் வரும்போது வாக்காளர் இடாப்பைத் தேடுவதுதான் எங்கும் நடக்கும் தவறு. தேர்தல் அறிவித்தால் அதற்குரிய இடாப்பு முன்பே மூடியாகிவிட்டது என்று அர்த்தம். ஒவ்வோர் ஆண்டும் பெப்ரவரி 1ஆம் திகதியைத் தகுதி நாளாக வைத்து இடாப்பைத் திருத்துகிறார்கள். கிராம உத்தியோகத்தர் வழியாகப் பெயர்கள் திரட்டப்படும். நீக்கப்பட இருக்கும் பெயர்கள் ஒரு பட்டியலாகவும் புதிதாகச் சேரும் பெயர்கள் இன்னொன்றாகவும் பார்வைக்கு வைக்கப்படும். எல்லோரும் சேர்க்கும் பட்டியலைத்தான் பார்க்கிறார்கள். பார்க்க வேண்டியது நீக்கும் பட்டியல். கொழும்பில் கடையில் நிற்கும் பையன், வெளிநாட்டில் வீட்டுவேலைக்குப் போன பெண், அடுத்த தோட்டத்துக்கு வாழ்க்கைப்பட்டுப் போன மகள், இந்த மூன்று பேரின் பெயர்தான் சத்தமில்லாமல் கழியும்.

வேலைக்குப் போனவருக்கு எந்த விலாசம் என்பதில் ஒரே ஒரு விதி: எங்காவது ஓரிடத்தில் இருக்க வேண்டும், இரண்டிடத்தில் இருக்கக் கூடாது. கொழும்பில் கடையின் மேல்மாடியில் படுக்கும் பையனை அங்கே எவரும் பதிய மாட்டார்கள். ஆகவே வீட்டில்தான் பதிய வேண்டும். பதிகிறவர் வந்து கேட்கும்போது ‘அவன் இங்கே இல்லை’ என்று அம்மா சொல்லாமல் இருக்க வேண்டும். ‘வேலைக்குப் போயிருக்கிறான், வீடு இதுதான்’ என்பதே சரியான பதில். ஒரு வாக்கு பெரும்பாலும் இந்த ஒரு வசனத்தில்தான் போகிறது.

கலியாணமாகிப் போன பெண்ணுக்கு வேறு சிக்கல். அப்பா வீட்டில் பெயரை வெட்டிவிடுவார்கள், புருஷன் வீட்டில் போட மாட்டார்கள். கோயிலில் தாலி கட்டிப் பதிவு செய்யாமல் விட்டிருந்தால், எந்த வீட்டு ஆள் என்று காட்டக் காகிதமே இருக்காது. புதிய தோட்டத்தில் பதியப் போகும்போது பழைய பகுதி கிராம உத்தியோகத்தரின் கடிதம் ஒன்றைக் கையோடு கொண்டுபோனால் வேலை பாதியாகும். தேர்தல் ஆணைக்குழுவின் இணையத்தளத்தில் அடையாள அட்டை இலக்கத்தைத் தட்டினால் பெயர் இருக்கிறதா என்று தெரிந்துவிடும். லயத்துக்கு ஒரு பிள்ளை ஒரு மாலை போனை எடுத்துக்கொண்டு காம்பரா காம்பராவாகப் போனால் 20 வீட்டை முடிக்கலாம். இல்லாத பெயர்களை மட்டும் எழுதி எடுத்தால் போதும், இருக்கிறவர்களின் பட்டியலால் பயனில்லை.

வாக்காளர் அட்டை விஷயமும் விலாசத்தில்தான் சிக்கும். நகரத்தில் தபால்காரர் வாசலுக்கு வருகிறார். தோட்டத்தில் தபால் பை தோட்ட ஆபீசுக்குப் போகிறது, அங்கிருந்து யாரோ எடுத்து வருகிறார்கள், கடையிலோ கோயில் திண்ணையிலோ கிடக்கிறது. ஒரே டிவிசனில் (தோட்டத்தின் ஒரு பிரிவில்) நான்கு லெட்சுமி இருப்பார்கள். லய இலக்கம் இல்லாத கடிதம் நான்கு பேரையும் சுற்றிவிட்டு ஐந்தாவது ஆளிடம் போய்ச் சேரும். லயத்துக்கும் காம்பராவுக்கும் இலக்கம் போட்டு, இடாப்பில் அந்த இலக்கத்தோடு பதியச் சொன்ன டிவிசன்களில் இந்தக் குழப்பம் நன்றாகக் குறைந்தது. சுவரில் எழுத ஒரு டின் பெயின்ட் போதும், ஆனால் ஆபீஸ் வைத்திருக்கும் லயக் கணக்கோடு ஒத்துப்போக வேண்டும்; நாமாக ஓர் இலக்கம் போட்டால் கிராம உத்தியோகத்தரின் கணக்கும் ஆபீஸ் கணக்கும் வேறாகி, முன்பை விடக் கெடும். அட்டை வராவிட்டாலும் வாக்குப் போடலாம். இதைத் திரும்பத் திரும்பச் சொல்ல வேண்டியிருக்கிறது. அட்டை வெறும் அறிவித்தல். இடாப்பில் பெயரும் கையில் அடையாளமும் இருந்தால் போதும். அட்டை கிடைக்காதவர்கள் பகுதித் தபாலகத்தில் அடையாளம் காட்டியும் கேட்கலாம்.

அடையாள அட்டை

இந்தச் சமூகத்துக்குக் காகிதப் பயம் சும்மா வந்ததல்ல. 1947இல் இலங்கை இந்தியக் காங்கிரஸ் 7 பேரைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பியது. 1948 குடியுரிமைச் சட்டமும் அடுத்த ஆண்டுத் திருத்தங்களும் அந்த வாக்கைப் பிடுங்கின. 1964 சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் ஆட்களை எண்ணிப் பிரித்தது: 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இங்கே. மீதிக் கணக்கைத் தீர்க்க 1988இலும் 2003இலும் சட்டங்கள் வரவேண்டியிருந்தது. பல வீடுகளில் தாத்தாவின் பிரஜாவுரிமைப் பத்திரம் இன்னமும் தகரப் பெட்டியின் அடியில் இருக்கிறது. இருக்கட்டும், எறிய வேண்டாம்.

அடையாள அட்டை 15 வயது முடிந்ததும் எடுக்கலாம். பள்ளிக்கூடத்தில் இருக்கும்போதே அதிபர் மூலம் எடுத்துவிடுவதுதான் சுலபம். படிப்பை நிறுத்தி வேலைக்குப் போன பிள்ளைகள்தான் விடுபடுகிறார்கள். தோட்டத்தில் குடியிருப்பவரின் விண்ணப்பத்தைத் தோட்ட அத்தியட்சகர் உறுதிப்படுத்தலாம், இல்லாவிட்டால் கிராம உத்தியோகத்தர். ஆபீசில் கையெழுத்து வாங்கச் சம்பள வாரத்தில் போகாதீர்கள். கிளாக்கர்மார் செக்ரோலில் தலையைப் புதைத்திருப்பார்கள். படம் பிடிக்கப் பதிவுபெற்ற ஸ்டூடியோவுக்குத்தான் போக வேண்டும். படத்தை அவர்களே திணைக்களத்துக்கு அனுப்பிவிட்டு ரசீது தருவார்கள். அந்த ரசீதைத் தொலைத்தால் திரும்பவும் படம், திரும்பவும் காசு.

விண்ணப்பம் திரும்பி வருவதற்கு முதற்காரணம் பெயர். பிறப்புச் சான்றிதழில் ஓர் எழுத்து, பள்ளிக்கூட அனுமதிப் புத்தகத்தில் இன்னோர் எழுத்து. தமிழ்ப் பெயரைச் சிங்களத்தில் காதால் கேட்டு எழுதியதில் முனியம்மா முனியாமா ஆகியிருப்பார். அப்பாவின் பெயர் மகனின் பெயராகவும் மகனின் பெயர் அப்பாவின் பெயராகவும் இடம் மாறியிருக்கும். விண்ணப்பத்தைக் கொடுக்குமுன் மூன்று காகிதத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து எழுத்தெழுத்தாகப் பாருங்கள். பிழை பிறப்புச் சான்றிதழில் என்றால் பிரதேச செயலகத்தில் மேலதிக மாவட்டப் பதிவாளரிடம் திருத்தத்துக்கு விண்ணப்பிக்க வேண்டும்; மாதக்கணக்கில் இழுக்கும், ஆகவே இதுதான் முதல் வேலை. சமாதான நீதவானிடம் போய் ஒரு சத்தியக்கடதாசி முடித்தால் சரியாகிவிடும் என்று சொல்லிக் காசு வாங்கும் ஆட்கள் டவுனில் உண்டு. சத்தியக்கடதாசி ஒரு துணை. அது பிறப்புச் சான்றிதழைத் திருத்தாது. பிறப்பே பதியப்படாதிருந்தால் காலங்கடந்த பதிவு; வயதானவர்களுக்கு உத்தேச வயதுச் சான்றிதழ்.

எல்லாக் காகிதத்துக்கும் இரண்டு போட்டோக்கொப்பி எடுத்து, ஒன்றை வேறு வீட்டில் வையுங்கள். 2025 நவம்பர் கடைசியில் டித்வா புயலில் மலை சரிந்தபோது பெட்டியோடு காகிதமும் மண்ணுக்குள் போனது. இலக்கமாவது தெரிந்தவர் அந்த இலக்கத்தைச் சொல்லிப் பிரதி கேட்க முடியும்; இலக்கமும் தெரியாதவர் முதல் கட்டையிலிருந்து தொடங்க வேண்டும். போனில் படம் எடுத்துப் பிள்ளைக்கு அனுப்பி வைத்தாலும் போதும்.

தேர்தல் நெருங்கியும் அட்டை வராதவருக்குத் தேர்தல் ஆணைக்குழு தற்காலிக அடையாள அட்டை கொடுக்கும், கிராம உத்தியோகத்தர் வழியாகக் கேட்க வேண்டும். அதற்கும் கடைசி நாள் உண்டு, வாக்களிப்புக்குச் சில நாட்களுக்கு முன்பே முடிந்துவிடும். கடவுச்சீட்டு, சாரதி அனுமதிப்பத்திரம், முதியோர் அடையாள அட்டை இவையும் செல்லும். முதியோர் அட்டையைப் பேருந்தில் காட்டத்தான் என்று நினைத்து வீட்டில் வைத்துவிட்டுப் போன பாட்டிமார் நிறைய.

வாக்குப் போட வந்து சேர்வது

2024 ஜனாதிபதித் தேர்தல் செப்டெம்பர் 21, சனிக்கிழமை. அந்த வருடம் தீபாவளி ஒக்டோபர் 31. பாராளுமன்றத் தேர்தல் நவம்பர் 14, வியாழன். கொழும்பில் வேலை செய்யும் பிள்ளை தீபாவளிக்கு வந்துவிட்டுப் போய், இரண்டே வாரத்தில் திரும்ப வர வேண்டும். பஸ் காசு, போகும் சம்பளம், முதலாளியின் முகம். நாடளாவிய வாக்களிப்பு செப்டெம்பரில் 79 வீதமாக இருந்து நவம்பரில் 69 வீதத்துக்கு இறங்கியதற்குப் பல காரணம் சொல்வார்கள். மலையகத்தில் பஸ் காசையும் அதில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

சம்பளத்தோடு லீவு கேட்பது சலுகை அல்ல. பாராளுமன்றத் தேர்தல் சட்டப்படி, எழுத்தில் கேட்டால் குறைந்தது 4 மணித்தியாலம் சம்பளம் வெட்டாமல் விட வேண்டும். தூரத்தை வைத்து மனித உரிமைகள் ஆணைக்குழு சொன்ன அளவு இது: 40 கிலோமீற்றருக்குள் அரை நாள், 100 வரை ஒரு நாள், 150 வரை ஒன்றரை நாள், அதற்கு மேல் இரண்டு நாள். வாயால் கேட்டால் ‘பார்ப்போம்’ என்பார்கள். ஒரு வாரம் முன்பே எழுதிக் கொடுத்து, பிரதியில் திகதியும் கையெழுத்தும் வாங்க வேண்டும். சின்னக் கடைகளில் இது நடக்காது என்பதும் தெரிந்ததுதான். அங்கே வேலை செய்கிறவர்கள் ஆறேழு பேர் சேர்ந்து வேன் பிடித்து இரவோடு இரவாக வந்து, காலை 7 மணிக்கே வாக்குப் போட்டுவிட்டுத் திரும்புவதுதான் வழி. வேனுக்கான காசை எந்தக் கட்சியிடமும் வாங்கிவிடாதீர்கள். கட்சிக்காரர் வாக்காளரை ஏற்றி இறக்குவது தேர்தல் குற்றம், பிடிபட்டால் வண்டி பொலிசில் நிற்கும்.

சீட்டில் கை வைப்பது

மூன்று தேர்தலுக்கு மூன்று விதமான சீட்டு. குழப்பம் இங்கேதான். ஜனாதிபதித் தேர்தலில் நிராகரிக்கப்பட்டவை சுமார் 3 இலட்சம்; எட்டு வாரம் கழித்துப் பாராளுமன்றத் தேர்தலில் 6 இலட்சத்து 67 ஆயிரம். குறைந்த பேர் வாக்களித்து, இரட்டிப்புக்கு மேல் கெட்டிருக்கிறது.

ஜனாதிபதிச் சீட்டில் பிடித்தவருக்கு 1, அடுத்தவர்களுக்கு விரும்பினால் 2, 3. தனியே ஒரு புள்ளடி (X) போட்டாலும் அது முதல் வாக்காகச் செல்லும். 1 இல்லாமல் 2 மட்டும் போட்டால் செல்லாது. புள்ளடியையும் இலக்கத்தையும் கலந்து போடவே வேண்டாம். 2024இல் எவரும் 50 வீதத்தைத் தாண்டாததால் வரலாற்றில் முதற்தடவையாக விருப்பு வாக்கு எண்ணினார்கள். முதலிரண்டு பேரைத் தவிர்ந்த மற்றவர்களுக்கு விழுந்த வாக்கு 33 இலட்சத்துக்கு மேல். அவற்றிலிருந்து அந்த இரண்டு பேரான அநுர குமார திசாநாயக்கவுக்கும் சஜித் பிரேமதாசவுக்கும் போய்ச் சேர்ந்த விருப்பு வாக்கு 2,73,131. நூற்றுக்கு எட்டு. மற்ற 92 பேருக்கு இறுதி முடிவில் கையே இல்லாமல் போனது. கட்சிக்காரர் ‘எங்களுக்கு மட்டும் போடு, 2, 3 போட்டால் கெட்டுவிடும்’ என்று சொல்லிக்கொடுப்பதும் இதற்கு ஒரு காரணம். அது பொய். 2 போட்டதால் 1 குறையாது.

பாராளுமன்றச் சீட்டில் முதலில் ஒரு கட்சிக்கு அல்லது சுயேச்சைக் குழுவுக்குப் புள்ளடி, அதன் பிறகு கீழே அந்தக் கட்சி வேட்பாளர்களின் இலக்கங்களில் மூன்றுக்கு மேற்படாமல் புள்ளடி. நுவரெலியா மாவட்டத்துக்கு 8 ஆசனம், ஆகவே ஒரு கட்சிக்கு 11 வேட்பாளர். பிழை மூன்று விதமாக வருகிறது. செப்டெம்பரில் 1, 2, 3 போட்ட கை நவம்பரில் இரண்டு மூன்று கட்சிக்கு நேரே 1, 2, 3 போடும்: சீட்டு முழுதும் போச்சு. மேலே கட்சியை விட்டுவிட்டுக் கீழே இலக்கத்தில் மட்டும் போடுவது: அதுவும் போச்சு. மூன்றுக்கு மேல் விருப்பு வாக்குப் போடுவது: கட்சி வாக்குச் செல்லும், விருப்பு வாக்கு மட்டும் செல்லாது. உங்களுக்கு வேண்டிய ஆள் தோற்க, உங்கள் வாக்கால் அதே கட்சியில் வேறொருவர் உள்ளே போவார்.

உள்ளூராட்சிச் சீட்டு இலகுவானது, ஒரே ஒரு புள்ளடி. விருப்பு வாக்கு இல்லை. பெயர் எழுதுவது, கையெழுத்து வைப்பது, வேண்டுதல் எழுதுவது எதுவும் கூடாது. வாக்காளரை அடையாளம் காட்டும் எதுவும் சீட்டைக் கெடுக்கும்.

பேச்சால் இதைச் சொல்லிக்கொடுக்க முடியாது, கையால் போட்டுப் பார்க்க வேண்டும். அகப்பை, சுளகு, உரல் என்று கட்சிகளுக்கு இல்லாத சின்னங்களை வரைந்து மாதிரிச் சீட்டுச் செய்யுங்கள். உண்மைச் சின்னம் ஒன்று தெரிந்தாலும் கட்சி வேலை என்று சொல்லிவிடுவார்கள். ஒரு லயத்துக்கு 40 சீட்டும் பத்துப் பென்சிலும் போதும். எல்லோரும் போட்ட பிறகு சீட்டுகளைக் கலந்து, கெட்டவற்றை மட்டும் எடுத்து ஏன் கெட்டது என்று காட்டுங்கள், யாருடையது என்று கேட்காதீர்கள். சம்பளத்துக்கு அடுத்த ஞாயிறு கூட்டம் வைத்தால் ஒருவரும் இருக்க மாட்டார்கள், டவுன் நாள். மாலையில் வேலை முடிந்து அடுப்பு மூட்டுமுன் அரை மணி நேரம், இஸ்தோப்பிலேயே (வீட்டு முன்திண்ணையிலேயே).

‘எந்த லயம் யாருக்குப் போட்டது என்று எங்களுக்குத் தெரியும்’ என்று மிரட்டும் தலைவர்கள் இன்னும் இருக்கிறார்கள். பாராளுமன்றத் தேர்தலில் பெட்டிகள் மாவட்ட எண்ணும் நிலையத்துக்குப் போகின்றன, முடிவு தொகுதி மட்டத்தில் வெளிவரும். நுவரெலியா-மஸ்கெலியா நாட்டின் மிகப் பெரிய தொகுதிகளுள் ஒன்று; அதில் ஒரு லயத்தைக் கண்டுபிடிப்பது நடக்கிற காரியமல்ல. உள்ளூராட்சித் தேர்தலில் மட்டும் கவனம், வட்டார அளவில் எண்ணுவதால் ஒரு தோட்டத்தின் போக்குத் தெரிந்துவிடும். தனி ஆளின் வாக்கு அதிலும் தெரியாது. 2024 நவம்பரில் அநுரவின் தேசிய மக்கள் சக்தி நுவரெலியாவில் 8இல் 5 ஆசனம் எடுத்தது. இரண்டு மாதத்துக்கு முன் ஜனாதிபதித் தேர்தலில் அதே மாவட்டத்தில் முதலிடம் சஜித் பிரேமதாசவுக்கு. தலைவர் காட்டும் கட்சிக்கு லயமே சேர்ந்து போடும் பழக்கம் கழன்றுகொண்டிருக்கிறது. நுவரெலியாவிலிருந்து கிருஷ்ணன் கலைச்செல்வியும் பதுளையிலிருந்து அம்பிகா சாமுவேலும் பாராளுமன்றம் போனதும் அந்தத் தேர்தலில்தான்.

சபை வந்த பிறகு

நுவரெலியா, அம்பகமுவ என்று இருந்த இரண்டு பெரிய பிரதேச சபைகள் 2018இல் ஆறாயின: நுவரெலியா, கொட்டகலை, அக்கரப்பத்தனை, அம்பகமுவ, நோர்வூட், மஸ்கெலியா. உறுப்பினர்களில் 60 வீதம் வட்டாரத்தில் வென்றவர்கள், 40 வீதம் பட்டியலில் வருகிறவர்கள். எந்தக் கட்சிக்கும் அரைவாசிக்கு மேல் இல்லாவிட்டால் உள்ளூராட்சி ஆணையாளர் கூட்டும் முதல் கூட்டத்தில் உறுப்பினர்களே தவிசாளரைத் தெரிவு செய்வார்கள். நமது வாக்கின் பாதிப் பலன் அந்த ஒரு கூட்டத்தில் தீர்மானமாகும். அதற்கு முந்திய வாரம் உங்கள் வட்டார உறுப்பினர் யாரோடு எங்கே இருக்கிறார் என்று கேட்க வெட்கப்படாதீர்கள். போட்டியிட நினைப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: 2025இல் பல பட்டியல்கள் விழுந்தது கொள்கையால் அல்ல, இளம் வேட்பாளரின் பிறப்புச் சான்றிதழ்ப் பிரதி முறைப்படி உறுதிப்படுத்தப்படாததால். சில பட்டியல்கள் நீதிமன்றம் போய் மீண்டன. பட்டியலில் ஒருவரின் காகிதத்தில் பிழை வந்தால் எல்லோரும் வெளியே போக நேரலாம்.

சபையிடம் எதைக் கேட்பது என்பதில் தோட்டத்துக்கு ஒரு பழைய பூட்டு இருந்தது. 1987ஆம் ஆண்டின் பிரதேச சபைச் சட்டத்தின் 33ஆவது பிரிவு, தோட்டத்துக்குள் சபை நிதியைச் செலவிட இடம் கொடுக்கவில்லை. வாக்கு வாங்கிய சபை லயத்துக்கு ஒரு பல்பு போட முடியாது. 2018இல் அந்தப் பிரிவைத் திருத்தினார்கள். ‘தோட்டத்துக்குள் சபை வரமுடியாது’ என்று இன்றைக்கும் சொல்லும் அதிகாரி உண்டு. 2018ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கத் திருத்தம் என்று மனுவிலேயே எழுதிவிட்டால் அந்தப் பேச்சு எழாது.

ரோட்டுக்கு மனுக் கொடுக்குமுன் ரோடு யாருடையது என்று பாருங்கள். பெருந்தெருக்கள் அதிகார சபை, மாகாணம், பிரதேச சபை, தோட்டம் என்று நான்கு சொந்தக்காரர் இருக்கலாம். ஒரே ரோட்டில் டவுனிலிருந்து முதல் வளைவு வரை சபை, அதற்கப்பால் தோட்டம் என்பது சாதாரணம். தோட்டத்துப் பகுதி என்றால் நிர்வாகத்தின் எழுத்துச் சம்மதம் ஒன்றை இணைக்க வேண்டும். இல்லாவிட்டால் மனு ‘சம்மதம் பெற்று அனுப்பவும்’ என்று ஆறு மாதம் கழித்துத் திரும்பும். மனுவில் நீளத்தை மீற்றரில் எழுதுங்கள், எத்தனை வீடு, மழைக்கு எந்த இடத்தில் அம்புலன்ஸ் நிற்கிறது என்றும். ‘எங்கள் பாதையைச் செப்பனிட்டுத் தருமாறு பணிவன்புடன்’ என்ற மனுக்களால் அலமாரி நிறைந்திருக்கிறது.

பதில் வராவிட்டால் தகவல் அறியும் சட்டம் இருக்கிறது, 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கம். ஒரு கேள்விக்கு ஒரு தாள்: ‘இந்த ரோட்டுக்கு இந்த வருடம் எவ்வளவு ஒதுக்கப்பட்டது, யாருக்குக் கொந்தரப்பு, எவ்வளவு கொடுக்கப்பட்டது.’ ‘ஏன் செய்யவில்லை’ என்று கேட்காதீர்கள், காரணம் ஒரு தகவலாகக் கோப்பில் இருக்காது. தகவல் அலுவலர் 14 வேலை நாளுக்குள் முடிவு சொல்ல வேண்டும். இல்லாவிட்டால் 14 நாளுக்குள் குறித்தளிக்கப்பட்ட அலுவலரிடம் மேன்முறையீடு, அதுவும் சரிவராவிட்டால் இரண்டு மாதத்துக்குள் தகவல் அறியும் உரிமை ஆணைக்குழு. தமிழிலேயே எழுதுங்கள், தமிழிலேயே பதில் கேளுங்கள். சிங்களத்தில் பதில் வந்தால் வாங்கி வைத்துக்கொண்டு, தமிழ்ப் பிரதி கேட்டு இன்னொரு கடிதம். கெஞ்ச வேண்டியதில்லை, அரசியலமைப்பில் இருக்கும் உரிமை.

மாகாண ரோடு, மாகாணப் பள்ளிக்கூடம், மாகாண ஆஸ்பத்திரி என்றால் கதை வேறு. மத்திய மாகாண சபைக்குக் கடைசியாக 2013 செப்டெம்பரில் வாக்குப் போட்டோம். 2018 ஒக்டோபரில் அதன் காலம் முடிந்தது. 2017இல் தேர்தல் முறையை மாற்றினார்கள், அதற்கான எல்லை நிர்ணய அறிக்கை அடுத்த ஆண்டு பாராளுமன்றத்தில் தோற்றது. பழைய முறையும் இல்லை, புதிய முறையும் இல்லை என்று நின்றுபோனது. எழுச்சிக்கு நான்கு வருடம் முன்பே காலியான சபை அது, எழுச்சியாலும் நிரம்பவில்லை. ஆகவே அந்த மனுக்கள் இப்போதைக்கு ஆளுநருக்குத்தான் போக வேண்டும், பிரதி மாகாணப் பிரதம செயலாளருக்கு. பதிவுத் தபாலில் அனுப்பி, துண்டை மனுவின் பிரதியோடு ஊசி போட்டு வையுங்கள்.